விண்வெளிப் போட்டி – 14: திருத்தணிக்காரர் வாசலில் இரண்டு வல்லரசுகள்

போன வாரம் கதையை 1961 ஏப்ரல் 12ஆம் தேதி, வோல்கா ஆற்றங்கரை வயல் ஒன்றில் நிறுத்தியிருந்தோம். ஆரஞ்சு உடையும் வெள்ளைத் தலைக்கவசமுமாக நடந்துவந்த யூரி ககாரினைப் பார்த்து ஒரு பாட்டியும் பேத்தியும் மிரண்டு பின்வாங்கினார்கள். 108 நிமிடத்தில் பூமியை ஒரு சுற்றுச் சுற்றி வந்திருந்தார் அந்த 27 வயது இளைஞர். ஏழு கிலோமீட்டர் உயரத்திலேயே கலத்தைவிட்டு வெளியே வீசப்பட்டு, தனிப் பாராசூட்டில் இறங்கியதை மட்டும் சோவியத் அரசு பல ஆண்டுகள் மூடி மறைத்தது. விமானி தன் கலத்திலேயே தரையிறங்கினால்தான் சாதனை செல்லும் என்பது சர்வதேச விமானக் கூட்டமைப்பின் விதி. அதற்காகத்தான் அந்தப் பொய்.

யாருக்காக அந்தப் பொய் என்று யோசித்துப் பாருங்கள். அமெரிக்க ராணுவத்துக்கு சோவியத் ராக்கெட்டின் பலம் ஏற்கெனவே தெரியும். மாஸ்கோவில் கைதட்டப்போகிறவர்களுக்கு விதியைப் பற்றிக் கவலையில்லை. ககாரின் பறந்தது முக்கியமாக மூன்றாவது கூட்டம் ஒன்றுக்காக. ஆசியாவிலும் ஆப்பிரிக்காவிலும் புதிதாக விடுதலை பெற்று, இன்னும் எந்தப் பக்கமும் சாயாமல் உட்கார்ந்திருந்த நாடுகள் அவை. அந்தக் கூட்டத்தின் முன்வரிசையில் இருந்தது இந்தியா. ஆகவே இந்த வாரம் பைக்கோனூரையும் கேப் கனவெராலையும் கொஞ்சம் ஒதுக்கி வைத்துவிட்டு, அரக்கோணத்திலிருந்து ரேணிகுண்டாவுக்குப் போகும் ரயில் பாதையில் இருக்கும் ஓர் ஊருக்குப் போவோம்.

திருத்தணி என்றதும் நமக்கு நினைவுக்கு வருவது மலைமேல் முருகன், 365 படிகள், ஆடிக் கிருத்திகைக் காவடிகள், டிசம்பர் 31 இரவு படிக்கொரு திருப்புகழ் பாடி ஏறும் படித் திருவிழா. 1950களில் அந்தப் பெயர் வேறொரு காரணத்துக்காகவும் பத்திரிகைகளில் அடிபட்டது. ஆந்திரம் பிரிந்தபோது சித்தூர் மாவட்டத்தோடு திருத்தணியும் அந்தப் பக்கம் போய்விட்டது. திருப்பதிதான் கை நழுவியது, திருத்தணியையாவது விடக்கூடாது என்று ம.பொ.சி.யும் மங்கலங்கிழாரும் வடக்கெல்லைப் போராட்டத்தை நடத்தினார்கள். எல்லையை ஆராய நியமிக்கப்பட்ட படாஸ்கரின் பரிந்துரை வந்தது. 1959இல் எல்லை மாற்றச் சட்டம் நாடாளுமன்றத்தில் நிறைவேறியது. 1960 ஏப்ரல் 1 முதல் திருத்தணி சென்னை மாநிலத்தில் சேர்ந்தது.

அந்தச் சட்டம் மாநிலங்களவை வழியாகவும் போயிருக்க வேண்டும் அல்லவா? அப்போது மாநிலங்களவையின் தலைவர், குடியரசுத் துணைத்தலைவர் டாக்டர் சர்வபள்ளி ராதாகிருஷ்ணன். 1888 செப்டம்பர் 5 அன்று அதே திருத்தணியில் பிறந்தவர். வீட்டில் தெலுங்கு, தெருவில் தமிழ். தான் பிறந்த ஊர் எந்த மாநிலம் என்பதைத் தீர்மானிக்கிற சட்டம், தான் தலைமை வகிக்கிற அவையைக் கடந்து போவதைப் பார்க்கும் வாய்ப்பு எத்தனை பேருக்குக் கிடைக்கும்? அந்தச் சட்டம் வந்த 1959ஆம் ஆண்டில்தான் சோவியத்தின் லூனா 2 நிலவில் போய் மோதியது. லூனா 3 நிலவின் மறுபக்கத்தை முதன்முதலாகப் படம் பிடித்தது.

அவரது இளமைக் கதை தமிழ் வாசகர்களுக்குப் பழக்கமானதுதான். ஜமீன் வருவாய்த் துறையில் சிறு உத்தியோகம் பார்த்த தகப்பனார், திருத்தணி, திருப்பதி, வாலாஜாபேட்டை, வேலூர் என்று மாறி மாறிப் படிப்பு, பிறகு சென்னை கிறிஸ்தவக் கல்லூரியில் தத்துவம். அதையெல்லாம் இங்கே நீட்ட வேண்டாம். ஒன்றே ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். குடும்பப் பெயராக வந்த சர்வபள்ளி நெல்லூர் மாவட்டத்துக் கிராமம். பின்னாளில் இந்திய ராக்கெட்டுகள் கிளம்பப்போகிற ஸ்ரீஹரிகோட்டாவும் நெடுங்காலம் அதே நெல்லூர் மாவட்டத்தில்தான் இருந்தது. திருத்தணி இன்று இருக்கும் திருவள்ளூர் மாவட்டத்தின் கிழக்கு ஓரமோ பழவேற்காட்டு ஏரி. ஏரியைத் தாண்டினால் ஸ்ரீஹரிகோட்டா. வெறும் பூகோளத் தற்செயல்தான், ஆனாலும் இந்தத் தொடரை எழுதுகிறவனால் அதைச் சொல்லாமல் தாண்ட முடியவில்லை.

நமக்கு வேண்டியது 1949. அந்த ஆண்டு நேரு, ராதாகிருஷ்ணனை மாஸ்கோவுக்குத் தூதராக அனுப்பினார். அவருக்கு முன்னால் அங்கே இருந்தவர் நேருவின் தங்கை விஜயலட்சுமி பண்டிட். அவரை ஸ்டாலின் ஒருமுறைகூடச் சந்திக்கவில்லை. இந்தியா இன்னும் பிரிட்டனின் வால்தான் என்பது அன்றைய கிரெம்ளினின் எண்ணம். அப்படிப்பட்ட இடத்துக்கு, ஆக்ஸ்போர்டில் கீழைநாட்டுச் சமயங்கள் கற்பிக்கும் ஒரு தத்துவப் பேராசிரியர் தலைப்பாகையோடு போய் இறங்கினார். தூதரான பிறகும் ஆண்டில் சில மாதம் ஆக்ஸ்போர்டுக்குப் போய் வகுப்பெடுத்தார். இப்படி ஒரு தூதர் இன்றைக்கு இருந்தால் நாடாளுமன்றத்தில் கேள்வி மேல் கேள்வி எழும்.

1950 ஜனவரியில், இரவு ஒன்பது மணிக்கு, ஸ்டாலின் அவரைச் சந்தித்தார். எங்கள் நாட்டில் ஒரு பேரரசன் பெரும் போரில் ரத்தம் சிந்தி வென்ற பிறகு போரையே கைவிட்டான் என்று அசோகனின் கதையை அங்கே அவர் சொன்னதாக வாழ்க்கை வரலாறுகள் கூறுகின்றன. ஸ்டாலினிடம் போய் அசோகனைப் பற்றிப் பேசுவதற்குத் துணிச்சல் வேண்டும், அல்லது அப்பாவித்தனம் வேண்டும். ராதாகிருஷ்ணனிடம் இரண்டாவது கிடையாது.

அவர் மாஸ்கோவில் இருந்த அந்த மூன்று வருடங்களில், நகரத்துக்கு வெளியே போத்லிப்கி என்ற இடத்தில் செர்கேய் கொரலேவ் ஜெர்மானிய வி-2 ராக்கெட்டைப் பார்த்து ஆர்-1 என்ற ராக்கெட்டைச் செய்துகொண்டிருந்தார். கொரலேவ் என்ற பெயரே அன்று ரகசியம். 1951 ஜூலை 22 அன்று, கபூஸ்தின் யார் என்ற பாலைவெளியிலிருந்து அந்த ராக்கெட்டின் மூக்கில் இரண்டு நாய்கள் கிளம்பின. டெசிக், சிகான் என்று பெயர். மாஸ்கோ தெருக்களில் திரிந்த நாய்கள். பசியும் குளிரும் தாங்கிப் பழகியவை என்பதால் தெருநாய்களைத்தான் மருத்துவர்கள் தேடிப் பிடித்தார்கள். நூறு கிலோமீட்டர் உயரம் வரை போய், பாராசூட்டில் இறங்கின. கதவைத் திறந்தால் இரண்டும் உயிரோடு இருந்தன. டெசிக்கை ஒரு வாரத்திலேயே இன்னொரு நாயோடு மறுபடி அனுப்பினார்கள், பாராசூட் விரியவில்லை. சிகானுக்கு யோகம், அனடோலி பிளாகன்ராவோவ் என்ற விஞ்ஞானி அதைத் தன் வீட்டுக்கே கொண்டுபோய்விட்டார். பதினோரு ஆண்டு கழித்து, நாசாவின் ஹியூ டிரைடனோடு உட்கார்ந்து, விண்வெளியில் அமெரிக்காவும் சோவியத்தும் எதில் ஒத்துழைக்கலாம் என்று முதல் ஒப்பந்தம் பேசியவரும் இதே பிளாகன்ராவோவ்தான்.

இதில் ஒரு வரிகூட இந்தியத் தூதரகத்துக்குத் தெரிந்திருக்க வழியில்லை. அந்த நேரத்தில் ராதாகிருஷ்ணனின் கவலை கோதுமை. நாட்டில் உணவுப் பஞ்சம். அமெரிக்காவிடம் 20 லட்சம் டன் தானியம் கேட்டிருந்தோம். அமெரிக்கக் காங்கிரஸ், நேருவின் கொரியக் கொள்கை பிடிக்காமல், மாதக்கணக்கில் விவாதித்துக்கொண்டே இருந்தது. இதற்குள் சோவியத் 50,000 டன் கோதுமை தர முன்வந்தது. கேட்ட அளவோடு ஒப்பிட்டால் அது ஒன்றுமே இல்லை. ஆனால் கப்பல் கிளம்பியது. கடைசியில் 1951 ஜூனில் அமெரிக்கர்களும் 19 கோடி டாலர் கடனாகத் தானியம் தந்தார்கள். அளவில் அமெரிக்கா பல மடங்கு பெரிது. பேரில் சோவியத் முந்திக்கொண்டது. அடுத்த பதினைந்து ஆண்டுகள் இந்தியாவில் இதே நாடகம்தான் உருக்கிலும் விமானத்திலும் ராக்கெட்டிலும் நடந்தது.

(கபூஸ்தின் யார் என்ற பெயரை ஞாபகத்தில் வைத்துக்கொள்ளுங்கள். நம் முதல் செயற்கைக்கோள் ஆர்யபட்டா 1975 ஏப்ரல் 19 அன்று கிளம்பியதும் அங்கிருந்துதான். அதற்கு இரண்டு நாள் முன்பு, ஏப்ரல் 17 அன்று, ராதாகிருஷ்ணன் சென்னையில் காலமானார். அந்தக் கதை பின்னால் வரும்.)

1952இல் தூதர் துணைத்தலைவராகித் தில்லி திரும்பினார். 1957 அக்டோபர் 4 அன்று ஸ்புட்னிக் பறந்தது. அதன் பீப் ஒலி, அமெரிக்கர்களின் வேன்கார்டு ராக்கெட் ஏவுமேடையிலேயே வெடித்தது, லைக்கா, எக்ஸ்புளோரர் எல்லாவற்றையும் முந்தைய அத்தியாயங்களில் பார்த்துவிட்டோம். இந்தியாவில் நடந்ததை மட்டும் சேர்த்துக்கொள்வோம். அமெரிக்க ஸ்மித்சோனியன் நிறுவனம் செயற்கைக்கோள்களைப் படம்பிடிக்க உலகைச் சுற்றிப் பன்னிரண்டு பெரிய பேக்கர்-நன் கேமராக்களை நிறுத்தியது. அதில் ஒன்று நைனிடாலுக்கு வந்தது. அங்கே அதற்கு இடம் பார்த்துக் கொடுத்த வானியலாளர் வைணு பாப்பு 1960இல் நம் கொடைக்கானல் ஆய்வகத்துக்குப் பொறுப்பேற்று வந்துசேர்ந்தார். சோவியத் செயற்கைக்கோள்களை இந்திய மலையிலிருந்து அமெரிக்கக் கேமரா பார்த்தது. தில்லி அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. மாஸ்கோவும் சண்டைக்கு வரவில்லை.

இனி 1961க்கு வருவோம். ஏப்ரலில் ககாரின். மே 5 அன்று அமெரிக்காவின் ஆலன் ஷெப்பர்ட் 15 நிமிடம் மேலே போய்க் கடலில் இறங்கினார். மே 25 அன்று கென்னடி நிலவைக் குறிவைத்தார். ஆகஸ்டில் கெர்மன் டிட்டோவ் ஒரு முழு நாளுக்கு மேல், 17 சுற்று. சுற்றுப்பாதையில் அமெரிக்கர் ஒருவர்கூட இன்னும் இல்லை. இந்த இடைவெளியில், அதாவது சொல்லிக்கொள்ள மாஸ்கோவிடம் எல்லாமும் வாஷிங்டனிடம் ஏறக்குறைய ஒன்றுமில்லாமலும் இருந்த மாதங்களில், ககாரினை இந்தியாவுக்கு அனுப்பினார்கள்.

நவம்பர் 29 அன்று மனைவி வாலண்டினாவோடு தில்லியில் வந்து இறங்கினார். கூடவே விண்வெளி வீரர்களின் பயிற்சிக்குப் பொறுப்பான ஜெனரல் நிக்கொலாய் கமானின். தினமும் நாட்குறிப்பு எழுதுகிற ஆள். நமக்கு இன்று தெரிகிற பல உள்விவகாரங்கள் அவர் நோட்டில் இருந்தவைதான். தில்லி, லக்னோ, பம்பாய், கல்கத்தா, ஹைதராபாத் என்று பயணம். போகிற இடமெல்லாம் மாலை, கூட்டம், மேடை, மறுபடி மாலை. பிறகு இலங்கைக்குப் போனார்கள். சென்னை அந்தப் பட்டியலில் இல்லை. எனக்கு இன்றும் ஆறாத வருத்தம் அது.

அந்தப் பயணப் படங்களைக் கூர்ந்து பார்த்தால் ககாரினின் இடப் புருவத்தின் மேல் ஒரு தழும்பு தெரியும். ஏப்ரல் மாதப் படங்களில் அது கிடையாது. அக்டோபர் தொடக்கத்தில், கிரிமியாவின் ஃபோரோஸ் ஓய்வு விடுதியில் மாடியிலிருந்து குதித்து நெற்றி உடைந்து, எலும்பு வரைக்கும் காயம். வெளியே வேறு காரணம் சொன்னார்கள். கட்சி மாநாட்டுத் தொடக்கத்துக்கே அவரால் வர முடியவில்லை. ஆறு மாதம் உலகம் முழுக்க ஊர்வலம் போன ஓர் இளைஞனுக்கு என்ன ஆகும் என்பதை அந்தத் தழும்பு காட்டுகிறது. அது ஆறி இரண்டு மாதம்கூட ஆகாத நிலையில்தான் நம் ஊர் மாலைகளுக்குக் கழுத்தை நீட்டிக்கொண்டிருந்தார். பறப்பதைவிட இதுதான் கடினமான வேலை என்று அவருக்குப் பட்டிருந்தால் ஆச்சரியமில்லை.

அந்தச் சமயத்தில் குடியரசுத் தலைவர் ராஜேந்திர பிரசாத் கடுமையான நோயிலிருந்து தேறிக்கொண்டிருந்தார். ஜூலையிலிருந்து டிசம்பர் வரை அவருடைய கடமைகளைச் செய்தவர் ராதாகிருஷ்ணன். ஆக, முதல் விண்வெளி மனிதன் இந்தியாவில் கால்வைத்த நாளில் குடியரசுத் தலைவர் பொறுப்பை வகித்தவர், ஸ்டாலினை நேரில் பார்த்திருந்த இந்த 73 வயது திருத்தணிக்காரர். ககாரின் போன கையோடு, டிசம்பர் நடுவில், சோவியத் நாட்டுத் தலைவர் பொறுப்பிலிருந்த பிரெஷ்னெவ் வந்தார். அவர் இந்தியாவில் இருக்கும்போதே நம் படைகள் கோவாவுக்குள் நுழைந்தன. ஐ.நா. பாதுகாப்பு சபையில் மேற்கு நாடுகள் கொண்டுவந்த தீர்மானத்தை சோவியத் வீட்டோவால் தடுத்தது. முதலில் வீரன், பின்னால் தலைவர், கடைசியில் வீட்டோ. பொருத்தம் பார்க்க வருகிற சம்பந்தி வீட்டார்கூட இத்தனை ஒழுங்காகத் தட்டுகளை அடுக்க மாட்டார்கள்.

எதிர்த்தரப்பு சும்மா இருக்குமா? 1962 பிப்ரவரி 20 அன்று ஜான் கிளென் பூமியை மூன்று சுற்றுச் சுற்றினார். அமெரிக்கர்கள் கிளென்னுக்கு பதில் அவருடைய கலத்தை ஊர்வலம் அனுப்பினார்கள். ஃபிரண்ட்ஷிப் 7 பல நாடுகளைச் சுற்றியது. ‘நான்காவது சுற்று’ என்று அதற்குப் பேரும் வைத்தார்கள். பம்பாய்க்கும் வந்தது. வளிமண்டலத்தில் கருகிய அதே உலோகம், சன்னல் வழியாக எட்டிப் பார்த்தால் ஓர் ஆள் மடங்கி உட்காரும் இருக்கை, முகத்துக்கு நேரே சுவிட்சுகள். மக்கள் வரிசையில் நின்று பார்த்தார்கள்.

இந்த இரண்டு ஊர்வலங்களையும் பக்கத்தில் வைத்துப் பார்க்க வேண்டும். சோவியத் ஆளைக் காட்டியது, கலத்தைக் காட்டவில்லை. ககாரின் பறந்த வோஸ்தோக் உண்மையில் எப்படி இருக்கும் என்று 1965 வரை வெளியுலகத்துக்குக் காட்டவே இல்லை. ஏனென்றால் அந்தக் கலத்தைச் சுமந்தது கண்டம்விட்டுக் கண்டம் பாயும் அணு ஏவுகணையின் மறுவடிவம், அதே உருண்டைக் கலத்தை உளவுப் படம் எடுக்கவும் பயன்படுத்தினார்கள். அமெரிக்கா கலத்தையே தொடுகிற தூரத்தில் கொண்டுவந்து வைத்தது. ரகசியம் இல்லாததையே தன் சரக்காக விற்றது. பின்தங்கியவன் வேறென்ன செய்வான் என்று கேட்கலாம். ஆனால் நீண்ட ஓட்டத்தில் அந்தத் திறந்த கதவுதான் இந்தியாவுக்கு அதிகம் பயன்பட்டது என்பது என் எண்ணம். காரணத்தைக் கொஞ்சம் பொறுத்துச் சொல்கிறேன்.

1962 மே 13 அன்று ராதாகிருஷ்ணன் குடியரசுத் தலைவரானார். ஆகஸ்டில் மிக்-21 விமானங்களுக்கு சோவியத்தோடு உடன்பாடு. அக்டோபரில் சீனப் படைகள் எல்லையைத் தாண்டின. கியூபா நெருக்கடியும் அதே நாள்களில். சோவியத் பிரதமர் குருசேவால் சீனாவைப் பகிரங்கமாகக் கைவிட முடியவில்லை. நேரு கென்னடிக்கு எழுதினார். அமெரிக்கப் போக்குவரத்து விமானங்கள் வந்து இறங்கின. அரசின் அசட்டையையும் எளிதில் நம்பிவிடும் சுபாவத்தையும் குடியரசுத் தலைவரே வெளிப்படையாகக் கண்டித்தார். நேருவுக்கு அது வலித்திருக்கும்.

அடுத்த ஜூன் 3 அன்று ராதாகிருஷ்ணன் வாஷிங்டன் போனார். வெள்ளை மாளிகைப் புல்வெளியில் ஹெலிகாப்டரிலிருந்து இறங்கும்போது மழை. வானிலை இப்படி ஆகிவிட்டதே என்று கென்னடி வருந்த, நடப்பதை நாம் மாற்ற முடியாது, அதை எடுத்துக்கொள்ளும் விதத்தை மாற்றிக்கொள்ளலாம் என்ற கருத்தில் இவர் பதில் சொன்னார் என்பது பலரும் திரும்பத் திரும்ப எழுதிய செய்தி. 46 வயதுத் தலைவரும் 74 வயதுத் தலைவரும் பேசியதில் பெரும்பகுதி சீனாவும் பொகாரோ உருக்காலையும். கென்னடிக்கு உதவ மனமிருந்தது. அரசுத் துறை ஆலைக்கு ஏன் அமெரிக்கப் பணம் என்று காங்கிரஸ் முறைத்தது. ஆகஸ்டில் இந்தியா கோரிக்கையைத் திரும்பப் பெற்றது. பிற்பாடு அந்த ஆலையைக் கட்டிக் கொடுத்தது சோவியத். பழைய கோதுமைக் கதைதான்.

அவர் வாஷிங்டனில் இருந்த வாரத்தில் அமெரிக்கர்கள் கொஞ்சம் நிமிர்ந்திருந்தார்கள். மே மாதம்தான் கார்டன் கூப்பர் 22 சுற்று, 34 மணிநேரம் பறந்து மெர்குரி திட்டத்தை முடித்துவைத்திருந்தார். நிமிர்வு ஒரு மாதம் நிற்கவில்லை. ஜூன் 14 அன்று வலேரி பிகோவ்ஸ்கி கிளம்பினார்; ஐந்து நாள், 81 சுற்று. 16 அன்று அவருக்குத் துணையாக இன்னொரு கலம். அதில் யாரோஸ்லாவல் நகரத்து நெசவாலைத் தொழிலாளி, 26 வயது வாலண்டினா தெரஷ்கோவா. அவர் ஒருவரே சுற்றிய 48 சுற்று, மெர்குரியில் பறந்த எல்லா அமெரிக்கர்களின் சுற்றுகளையும் கூட்டினாலும் எட்டாத தொகை.

நவம்பர் 3 அன்று மாஸ்கோவில் தெரஷ்கோவாவுக்கும் இன்னொரு விண்வெளி வீரரான ஆந்திரியன் நிக்கொலாயெவுக்கும் திருமணம். குருசேவ் முன்னின்று நடத்தினார். கல்யாணமான சில நாளில் புது மணமக்கள் இந்தியா புறப்பட்டார்கள், பிகோவ்ஸ்கியும் கூட. தேனிலவுக்குக்கூட மூன்றாவது ஆள் ஒருவரையும் அரசுக் கோப்பையும் சேர்த்தனுப்பிய ஏற்பாட்டை என்ன சொல்ல! இப்போது ராஷ்டிரபதி பவனில் இருந்தவர் பொறுப்புத் தலைவர் அல்லர், முழுத் தலைவர்.

அதே மாதத்தில்தான், தில்லியின் வரவேற்புச் சத்தம் எட்டாத ஒரு கடற்கரையில், அமெரிக்க ராக்கெட் ஒன்று ஒரு தேவாலயக் கட்டடத்தில் பூட்டப்பட்டுக்கொண்டிருந்தது.

திருவனந்தபுரத்துக்கு வடக்கே தும்பா. விக்ரம் சாராபாய் அந்த இடத்தைத் தேர்ந்ததற்குக் காரணம் அழகல்ல, காந்த நிலநடுக்கோடு. பூமியின் காந்தப்புலம் தரைக்கு இணையாகக் கிடக்கும் அந்தக் கோட்டின் மேலே, சுமார் நூறு கிலோமீட்டர் உயரத்தில், பகலில் ஒரு மின்னோட்டம் ஆறுபோல ஓடுகிறது. பலூன் அவ்வளவு உயரம் போகாது. செயற்கைக்கோள் அவ்வளவு தாழ்வாகச் சுற்ற முடியாது. ராக்கெட்டை நேரே மேலே அனுப்பித்தான் அளக்க வேண்டும். அந்தக் கோடு அமெரிக்கப் பெருநிலத்திலும் போகவில்லை, சோவியத் நிலத்திலும் போகவில்லை. பெரு நாட்டிலும் ஆப்பிரிக்காவிலும் நம் தென்கோடியிலும் போகிறது. இரண்டு வல்லரசும் எத்தனை கோடி கொட்டினாலும் தங்கள் மண்ணில் உண்டாக்கிக்கொள்ள முடியாத ஒரு பொருள் நம்மிடம் இருந்தது என்றால் அது இதுதான்.

ஆயர் பீட்டர் பெர்னார்ட் பெரேரா மரிய மக்தலேனாள் தேவாலயத்தையும் ஆயர் இல்லத்தையும் கொடுத்தது, தேவாலயம் அலுவலகமானது, மாட்டுக்கொட்டகை ஆய்வுக்கூடமானது, எல்லாம் தமிழ்நாட்டில் பள்ளிப் பிள்ளைகளுக்கும் தெரியும். ராமேசுவரத்து அப்துல் கலாம் அங்கே ராக்கெட் பூட்டும் வேலைக்கும் பாதுகாப்புக்கும் பொறுப்பு. அவரும், அவரைப் போலவே குரோம்பேட்டை எம்.ஐ.டி.யில் படித்த ஆர்.ஆராவமுதனும், இன்னும் சிலரும் அதற்கு முன் நாசாவின் வாலப்ஸ் தீவிலும் கோடார்டிலும் பயிற்சி எடுத்துத் திரும்பியிருந்தார்கள்.

திறந்த கதவு என்று மேலே சொன்னது இதைத்தான். ககாரினை எத்தனை முறை ஊர்வலம் விட்டாலும் ஒரு போல்ட்டை எப்படி முறுக்குவது என்று யாரும் கற்க முடியாது. நாசா கையில் ஸ்பேனரைக் கொடுத்துக் கற்றுக்கொடுத்தது. இலவசமாக அல்ல, அறிவியல் தரவுக்குப் பதிலாக. அதுவும் சிறு ஆய்வு ராக்கெட் அளவுக்கு மட்டும். பெரிய ராக்கெட்டின் பக்கம் போனால் கதவு சாத்தப்படும் என்பது பின்னால் நமக்குத் தெரியவந்தது.

1963 நவம்பர் 21. பூட்டிய நைக்-அப்பாச்சி ராக்கெட் ஏவுமேடைக்கு வந்தது. மேலே தூக்கும்போது கிரேனின் ஹைட்ராலிக்கில் கசிவு. சரிசெய்ய நேரமில்லை, ஏனென்றால் நேரம் ராக்கெட்டின் கையில் இல்லை, சூரியனின் கையில் இருந்தது. ராக்கெட்டின் தலையில் இருந்தது பிரான்ஸ் கொடுத்த சோடியம். உயரத்தில் ஆவியாகி வெளியேறும் சோடியம், சூரிய ஒளி பட்டால் ஆரஞ்சு மஞ்சளாக ஒளிரும். தரை இருட்டியிருக்க வேண்டும், இல்லாவிட்டால் மேகம் கண்ணுக்குத் தெரியாது; உயரத்தில் வெயில் மிச்சமிருக்க வேண்டும், இல்லாவிட்டால் மேகம் ஒளிராது. அந்தி நேரத்தில் சில நிமிடங்கள்தான் அதற்குத் தோது. ஆகவே கலாமும் மற்றவர்களும் சேர்ந்து, கைபலத்தாலேயே ராக்கெட்டைத் தூக்கி மேடையில் உட்கார வைத்தார்கள். மாலை 6.25க்கு அது கிளம்பியது. கொஞ்ச நேரத்தில் மேற்கு வானத்தில் நிறமேறிய ஒரு கீற்று நீண்டு, மேல்காற்றில் நெளிய ஆரம்பித்தது. பல இடங்களிலிருந்து எடுத்த படங்களை ஒப்பிட்டு அந்த நெளிவிலிருந்து காற்றின் வேகத்தைக் கணக்கிட்டார்கள்.

ராக்கெட் அமெரிக்காவுடையது, சோடியம் பிரான்சுடையது. அடுத்தடுத்து சோவியத்திலிருந்து ஹெலிகாப்டர், மின்ஸ்க் கம்ப்யூட்டர், அதிர்வுச் சோதனைக் கருவிகள் வந்து சேர்ந்தன. 1970 முதல் சோவியத்தின் எம்-100 வானிலை ராக்கெட்டுகள் வாராவாரம் தும்பாவிலிருந்து பறந்தன. கியூபாவை வைத்து உலகத்தையே எரிக்கப்போன இரண்டு பேரும் ஒரே தென்னந்தோப்பில், ஒரே ஏவுதளத்துக்குச் சாமான் கொடுத்தார்கள். 1968 பிப்ரவரி 2 அன்று இந்திரா காந்தி அந்தத் தளத்தை ஐ.நா.வின் பெயரில் உலகுக்கு அர்ப்பணித்தபோது யாரும் மறுக்கவில்லை.

இதை அணிசேராமையின் மகத்தான வெற்றி என்று எழுதுகிறவர்கள் உண்டு. எனக்கு அதில் பாதிதான் சம்மதம். வல்லரசுகள் இந்தியாவுக்குக் கொடுத்தது பாசத்தால் அல்ல. எதிராளி கொடுத்துவிடுவானே என்ற பதற்றத்தால். ஒருவன் மட்டும் களத்தில் இருந்திருந்தால் தும்பா ஒரு வெளிநாட்டுக் கண்காணிப்பு நிலையமாக முடிந்திருக்கும், நைனிடால் கேமரா போல. மறுபாதி, அந்தப் பதற்றத்தை இரண்டு வாசலிலும் முகம் சுளிக்காமல் பயன்படுத்தத் தெரிந்த ஆட்கள் நம்மிடம் இருந்தது. ஸ்டாலினிடம் அசோகனையும் கென்னடியிடம் மழையையும் பேசத் தெரிந்தவர் அந்த வரிசையில் ஒருவர். ராக்கெட்டைப் பற்றி ராதாகிருஷ்ணனுக்கு எதுவும் தெரிந்திருக்க வேண்டியதில்லை. தமிழும் தெலுங்கும் ஒரே தெருவில் புழங்கும் எல்லை ஊரில் வளர்ந்த ஒருவருக்கு, இரண்டு பக்கமும் கெட்டுப்போகாமல் பேசுவது இயல்பாக வந்திருக்கலாம். இதை நிரூபிக்க முடியாது, சும்மா சொல்லிவைக்கிறேன்.

தும்பா ராக்கெட் கிளம்பிய மறுநாள், நவம்பர் 22, டாலஸில் கென்னடி சுட்டுக் கொல்லப்பட்டார். நிலவுக்கு இரு நாடுகளும் சேர்ந்தே போகலாமே என்று செப்டம்பரில்தான் ஐ.நா. சபையில் அவர் கேட்டிருந்தார். அந்தப் பேச்சு அவரோடு போயிற்று.

1964 செப்டம்பரில் ராதாகிருஷ்ணன் மாஸ்கோ போனார், இந்தத் தடவை நாட்டின் தலைவராக. அப்போது அங்கே ஆட்சியில் இருந்தவர் குருசேவ். ராதாகிருஷ்ணன் திரும்பி ஒரு மாதம்கூட ஆகவில்லை. அக்டோபர் 12 அன்று விளாதிமீர் கொமரோவ், கான்ஸ்டான்டின் ஃபியோக்திஸ்தோவ், போரிஸ் யெகோரோவ் என்று மூன்று பேரை ஒரே கலத்தில் அடைத்து வோஸ்கோத் கிளம்பியது. கருங்கடல் ஓரத்து விடுதியிலிருந்து குருசேவ் அவர்களோடு தொலைபேசியில் பேசினார், திரும்பி வந்ததும் பெரிய வரவேற்பு என்று வாக்குக் கொடுத்தார். 13ஆம் தேதி மூவரும் தரையிறங்கினார்கள். 14ஆம் தேதி குருசேவ் பதவியில் இல்லை. மாஸ்கோவில் வரவேற்பு நடந்தபோது மேடையில் நின்றவர் பிரெஷ்னெவ்.

ஒருவருக்கே போதாத அந்தக் கலத்தில் மூன்று பேர் எப்படி நுழைந்தார்கள், விண்வெளி உடையே இல்லாமல் ஏன் அனுப்பினார்கள், அந்த முடிவை எடுக்கக் கொரலேவை நெருக்கியது எது என்பதெல்லாம் அடுத்த வாரம்.

(தொடரும்)